ஒரு சின்னத் துண்டு போதும்

அக்கா கல்லூரியில் கணக்குப் பாடம் எடுக்கிறாள். காலையில் இணையத்தில் முகம் தெரியாதவர்களின் சந்தேகங்களுக்குப் பதில் எழுதுவாள். அசட்டுத்தனமாகக் கேட்டவர்கள் நன்றாக வாங்கிக் கட்டிக்கொள்வார்கள்.

அன்று 'ஆமை' என்ற பெயரில் ஒருவர் உயர்கணிதச் சந்தேகம் ஒன்று கேட்டிருந்தார்: "கோவிச்சுக்காம சொல்லுங்க. ரெண்டு பகுமுறைச் சார்பு ஒரு சின்னத் துண்டுல ஒண்ணா இருந்தா, எல்லா இடத்துலயும் ஒண்ணுதானா?"

'அவை இருக்கும் பரப்பு அறுபடாமல் இருந்தால், ஆமாம். ஒரு சின்னத் துண்டு போதும்' என்று எழுதிவிட்டு, அடுத்த அறையில் சட்டை தைத்துக்கொண்டிருந்த தன் கணவரான மாமாவிடம் போனாள்.

"நேர்லயே கேட்டா என்னவாம்?"

தையல் இயந்திரம் நின்றது. "நேர்ல கேட்டா எரிஞ்சு விழுவியே! உன் புத்தகத்துல பார்த்தேன். துணியில ஓரம் ஒண்ணா இருந்தாலும் உள்ள வேற மாதிரி வருது, அதான் சந்தேகம். நான்தான்னு எப்படித் தெரிஞ்சுது?"

"துணி ஏமாத்தும். 'கோவிச்சுக்காம'ன்னு ஆரம்பிக்கிற ஆள் உலகத்துல ஒருத்தர்தான்."