எந்தப் பிடில் அவனுடையது

எனக்குச் சங்கீதம் பிடிக்காது. எழுபதுகளில் உத்திரமேரூர் பூங்காவில் பஞ்சாயத்து ரேடியோவைப் போட்டு நிறுத்துவது என் வேலை. பகலெல்லாம் தண்ணீர்க் குழாய் ரிப்பேர், சாயங்காலம் இந்தத் தொல்லை. உட்கார்ந்தால் எழுந்திருக்க முடியாத அலுப்பு.

ஒரு நாள் டெல்லியிலிருந்து தேசிய வாத்தியக் குழுவின் கச்சேரி என்று அறிவித்தார்கள். வீணை, பிடில், ஷெனாய் என்று நாட்டின் எல்லா மூலையிலிருந்தும் ஆட்களைச் சேர்த்து அரசாங்கம் நடத்திய குழு அது. பெரிய தலைவர்கள் இறந்தால்தான் ரேடியோவில் இப்படி வெறும் வாத்தியமாக ஒலிக்கும்; பூங்காவில் இருந்த கூட்டம் கத்தியது.

"இன்னாய்யா இது, எந்த மந்திரி செத்தான்? சினிமாப் பாட்டுக்குத் திருப்புய்யா!"

நானும் எரிச்சலோடு குமிழில் கை வைத்தேன். பக்கத்தில் பெருநகர் என்ற கிராமத்திலிருந்து வந்திருந்த ஓர் அம்மாள் ரேடியோ அறையின் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

"திருப்பாத நைனா. எம்புள்ள அதுல பிடில் வாசிக்கிறான். எங்கூரு ரேடியோ கெட்டுப்பூட்ச்சின்னு பஸ் ஏறி வந்தேன்."

"இத்தினி பிடில் கேக்குது. உம்புள்ளயோடது எது?"

"தெரியலியே நைனா. அதான் ஒண்ணு வுடாம எல்லாத்தியும் கேட்டுக்கினு கீறேன்."

எனக்கு எங்கிருந்துதான் அவ்வளவு கோபம் வந்ததோ. வெளியே வந்து, "எவனாவது வாயத் தொறந்தீங்க, நாளைக்கு ரேடியோவே கெடையாது" என்று கத்தினேன். கூட்டம் முணுமுணுத்துக்கொண்டே அடங்கியது.

முடிந்ததும் குழுவை நடத்தியவர் பெயரை மட்டும் சொன்னார்கள். வாசித்தவர்கள் பெயர் ஒன்றுகூட வரவில்லை. அந்த அம்மாள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"நல்லாத்தான் வாசிச்சான்" என்று சொல்லிவிட்டு பஸ்ஸுக்கு நடந்தாள்.

இப்போதும் எனக்குச் சங்கீதம் புரியாது. ஆனால் பலர் சேர்ந்து வாசிப்பது ரேடியோவில் வந்தால், எவ்வளவு அலுப்பாக இருந்தாலும் முடியும்வரை குமிழைத் தொடுவதில்லை.