எக்கார்ட் கொலை செய்யாத ஞாயிற்றுக்கிழமை

ரொட்டிக் கடையில் நிற்கும்போது எக்கார்ட் இரண்டு கைகளையும் கண்ணாடி மேடைமேல் எடுத்து வைத்துக்கொள்வார். இருபது வருடமாக அப்படித்தான். வெறுங்கையோடுதான் வந்திருக்கிறேன் என்று காட்டுவதற்காக என்பது மனைவி கெர்லிண்டுக்கு மட்டும் தெரியும். ஞாயிறு எட்டேகாலுக்கு நாடே உட்கார்ந்து பார்க்கும் துப்பறியும் படங்களில் அவர் பத்தொன்பது பேரைக் கொன்றிருந்தார். நீண்ட முகம், நடுவில் கூடிவிட்ட புருவம். நாடகப் பள்ளியில் காதலனாக நடித்துப் பரிசு வாங்கியவர் என்றால் அவர் வாழும் ஜெர்மன் நகரமான வுப்பர்டாலில் யாரும் நம்ப மாட்டார்கள்.

தெருமுனை மதுக்கடையில் ஞாயிறுதோறும் பந்தயம் நடக்கும். படம் தொடங்கி அரை மணியானதும் கொலையாளி யார் என்று சீட்டில் எழுதி, காலி பீர்க் கோப்பையில் போட வேண்டும்; சரியாக எழுதியவருக்கு இலவச பீர். எக்கார்ட் வரும் படமென்றால் எல்லாச் சீட்டிலும் ஒரே பெயர்தான். "இவன் மூஞ்சி தெரிஞ்சாலே பந்தயம் படுத்துடுது" என்பாள் கடைக்காரி எல்ஃப்ரீடா.

தொலைக்காட்சிக்காரர்களும் அதைக் கண்டுபிடித்தார்கள். "உங்களப் பாத்ததும் ஜனங்க எழுந்து பாத்திரம் கழுவப் போயிடறாங்க சார்" என்று சொல்லிவிட்டார்கள். அதன்பின் பதினான்கு மாதம் யாரும் கூப்பிடவில்லை. தொலைபேசி கெட்டுவிட்டதோ என்று கெர்லிண்டின் போனிலிருந்து தன் எண்ணுக்குத் தானே அடித்துப் பார்த்துக்கொண்டார்.

பிறகு ஓர் இளம் பெண் இயக்குநர் அழைத்தாள். "தோட்டக்காரர் வேஷம். எல்லாரும் உங்கள சந்தேகப்படணும், ஆனா நீங்க கொலை பண்ணல. ஜனங்க ஏமாந்தா தொடர்ந்து வேலை இருக்கு. இல்லன்னா இதுதான் கடைசி. வீட்டுல கூட மூச்சு விடாதீங்க."

அவர் மூச்சு விடவில்லை.

படம் வந்த ஞாயிறு எக்கார்டும் கெர்லிண்டும் போனபோது மதுக்கடையில் இடமில்லை. திரையில் எக்கார்ட் புதர் வெட்டும் கத்தரியோடு வந்ததுமே ஆளாளுக்கு எழுத ஆரம்பித்தார்கள். "வா மாப்ள, இருபதாவது" என்று தபால்காரர் யோஹென் முதுகில் தட்டினார். எக்கார்ட் உருளைக்கிழங்கு சாலட்டைக் கிளறினாரே தவிர வாயில் வைக்கவில்லை.

ஒன்பதே முக்காலுக்குத் திரையில் பாதிரியாருக்கு விலங்கு மாட்டினார்கள். 

"இத்தன வருஷம் உன்ன நம்பினோமேப்பா" என்றார் யோஹென், நிஜமாகவே மனம் நொந்து.

எல்ஃப்ரீடா சீட்டுகளைப் பிரித்தாள். முப்பத்தொன்றில் எக்கார்ட். ஒன்றில் மட்டும் பாதிரியார். அது கெர்லிண்டின் கையெழுத்து. எக்கார்ட் இரண்டு கைகளையும் மேசைமேல் எடுத்து வைத்தார்.

"பொண்டாட்டிகிட்ட சொல்லிட்டான்யா!" என்று கத்தினார் யோஹென்.

"ஒரு வார்த்த சொல்லல" என்றாள் கெர்லிண்ட். "கொலை பண்ற படம்னா இவருக்கு மாசக்கணக்குல நெஞ்செரிச்சல் இருக்கும். இந்தத் தடவ நல்லா குறட்ட விட்டுத் தூங்கினாரு. சரி, இவர் இல்லன்னு வச்சுக்கிட்டேன். மிச்சம் இருந்தவங்கள்ல பாதிரியார் ஷூல மட்டும்தான் சேறு."

 இலவச பீரை அவள் நிதானமாகக் குடித்தாள். மறுநாள் காலை இயக்குநர் அழைத்து, நாடே ஏமாந்துவிட்டது என்றாள்.

இப்போது எக்கார்டுக்கு அறுபத்திரண்டு வயது. வருடத்துக்கு மூன்று படம் நடிக்கிறார், எதிலும் யாரையும் கொல்வதில்லை. மதுக்கடையில் யாரும் கெர்லிண்டைப் பந்தயத்தில் சேர்ப்பதில்லை.