கெசீனா லென்ஸைப் பார்த்த நாள்

கெசீனா இருபது வருடத்தில் பதினொரு படங்களில் நடித்திருந்தாள். எல்லாம் பெர்லினில் அறுபது நாற்காலி போட்ட அரங்குகளில் ஒரு வாரம் ஓடி அடங்கிவிடுகிற படங்கள். மற்ற நாட்களில் முதியோர் இல்லத்தில் முதியவர்களைக் குளிப்பாட்டினாள். அவள் வயிற்றைக் கழுவ உதவியது அந்த வேலைதான்.

பன்னிரண்டாவது படத்தில் ஏரியில் மூழ்கும் பெண் வேடம். இயக்குநர் ஃபோல்க்மார் அவளைவிடப் பத்து வயது இளையவன். வசனம் எழுத மாட்டான். நடிப்பவர்கள் சொந்தப் பெயரிலேயே, வாயில் வந்ததைப் பேச வேண்டும். அவன் நிறுத்தச் சொல்லும்வரை யாரும் குறுக்கே வரக் கூடாது.

அக்டோபர் கடைசி. கெசீனா தண்ணீரில் கைவிட்டுப் பார்த்தாள்.

"பத்து நிமிஷம்தான். அப்புறம் கை காலெல்லாம் என் பேச்சைக் கேக்காது."

"உங்க இல்லத்துக் கிழவிங்களுக்கே உன்னைவிட தைரியம் ஜாஸ்தி," என்றான் ஃபோல்க்மார்.

"அவங்களுக்கு நான் வெந்நீர் வெக்கிறேன். நீ எனக்கு வெச்சியா?"

ஒலிப்பதிவு செய்யும் யென்ஸ் சிரித்தான். அவள் இறங்கினாள். படகுத்துறை முனையில் அன்த்யே கேமராவோடு மண்டியிட்டாள்.

கழுத்தளவு நீரில் ஏதோ பழைய வலை கணுக்காலைச் சுற்றிக்கொண்டது. இழுத்தாள், இறுகியது. கால் மாட்டிக்கொண்டது என்று கத்தினாள். ஃபோல்க்மார் கட்டைவிரலை உயர்த்திக் காட்டினான்.

"யென்ஸ், நெஜமாத்தான் சொல்றேன். கால் வரல."

யென்ஸ் ஹெட்ஃபோனை அழுத்திக்கொண்டு கண்ணை மூடி ரசித்தான். அவன் பெயரும் வசனமாகிவிட்டது. தண்ணீரைவிட, கரையில் இருந்த மூன்று திருப்தியான முகங்கள்தான் அவளைப் பயமுறுத்தின. இனி எப்படிக் கதறினாலும் அது நல்ல நடிப்பு.

உடல் நடுக்கம் நின்றது. குளிரில் நடுக்கம் நிற்பது நல்லதற்கல்ல என்று அவளுக்குத் தெரியும். விரல்கள் மடங்கவில்லை. உடல் தாழ்ந்து நீர் உதட்டுக்கு வந்தது.

அவள் கத்துவதை விட்டுவிட்டு லென்ஸை நேராகப் பார்த்தாள். கதைக்குள் இருப்பவள் கேமராவைப் பார்த்தால் அந்தக் காட்சி பாழ். இருபது வருடத்தில் ஒருமுறைகூட அவள் பார்த்ததில்லை. அன்த்யே எரிச்சலில் உச்சுக் கொட்டினாள். கெசீனாவின் பார்வை அசையவில்லை. அன்த்யே கேமராவை வைத்துவிட்டு நீரில் குதித்தாள். யென்ஸும் கத்தியோடு பின்னாலேயே பாய்ந்து வலையை அறுத்தான்.

கரையில் பல் கிட்டிக்கொண்ட நிலையிலும் கெசீனாவே உத்தரவு போட்டாள்.

"கையைத் தேய்க்காதீங்க. ஈரத் துணியைக் கழட்டுங்க. மொதல்ல நெஞ்சைப் போர்த்துங்க."

"நீ பிரமாதமா பண்றேன்னு நெனச்சேன்," என்றான் ஃபோல்க்மார். அவன் முகம் வெளுத்திருந்தது.

அவள் லென்ஸைப் பார்ப்பதற்கு முன்வரை எடுத்ததைப் படத்தில் வைத்தார்கள். இவ்வளவு இயல்பாக அவள் நடித்ததே இல்லை என்று ஒரு பத்திரிகை எழுதியது. அவள் அந்தப் படத்தைப் பார்க்கப் போகவில்லை.

ஃபோல்க்மாரின் அடுத்த படத்துக்கு ஒரே ஒரு நிபந்தனை போட்டாள்: நடிப்பு என்றால் என்னவென்றே தெரியாத ஒருவர் பக்கத்தில் நிற்க வேண்டும். இல்லத்தில் கூட வேலை பார்க்கும் ரோஸ்வித்தாவை அழைத்து வந்தாள். நிலவறைக் காட்சியில் கெசீனா அலறிய நான்கு முறையும் ரோஸ்வித்தா கதவை உடைக்காத குறையாக உள்ளே ஓடி வந்தாள். ஃபோல்க்மார் தலையில் அடித்துக்கொண்டான். கெசீனா ஐந்தாவது முறை நடித்தாள்.