முப்பத்தொன்றாம் நம்பருக்குக் கத்தரிக்கோல்

தொழிற்சாலையில் அவருக்கு ஸ்பானர் என்று பெயர். பெற்றவர்கள் வைத்த பெயர் அடையாள அட்டையோடு சரி. இருபத்திரண்டு வருஷம் டூல் ரூம் ஜன்னலுக்கு உள்ளே உட்கார்ந்திருந்தவர். வெளியே நிற்கிற ஆள் பித்தளை டோக்கனை நீட்டுவார். இவர் அதை ஆணியில் மாட்டிவிட்டுக் கேட்ட சாமானை எடுத்துக் கொடுப்பார். அந்த ஜன்னலில் இரண்டே சட்டம். சாமானை எறியக் கூடாது, பிடி வாங்குகிறவர் பக்கம் இருக்கும்படி கையில் வைக்க வேண்டும். தப்பான சாமான் திரும்பி வந்தால் ஏன், எதற்கு என்று கேட்காமல் சரியானதைக் கொடுக்க வேண்டும். தூக்கத்தில்கூட இதைச் செய்வார் என்று அவர் மனைவி கேலி செய்வாள். ஒரு நாள் அவள் புரண்டு தள்ளிய தலையணையை அரைத்தூக்கத்தில் வாங்கிக்கொண்டு, போர்வையை அவள் கையில் வைத்தாராம்.

செத்தவர்கள் எழுந்து நடக்க ஆரம்பித்த வருஷம் தொழிற்சாலையை மூடினார்கள். கொஞ்ச நாளில் அதே கட்டடத்தில் ஆராய்ச்சி நிலையம் வந்தது. லேத் மெஷின்கள் ஓடிய கூடத்தில் இப்போது நடைப்பிணங்கள், நம்பர் போட்டு, வரிசையாக. இடுப்பில் கான்வாஸ் பட்டை, பட்டையை இழுத்துச் சுவர்க் கொக்கியில் மாட்டியிருக்கும். வாய்க்குக் கம்பிவலைக் கூடு. முன்பு காலை ஷிப்டுக்கு வந்தவர்களிலும் பாதிப் பேர் இப்படித்தான் நின்றார்கள் என்பார் வாட்ச்மேன். அதில் பெரிய பொய் ஒன்றும் இல்லை.

நிலையத்தின் தலைமை டாக்டரம்மா சத்தம் போட்டுப் பேசத் தெரியாத மெலிந்த மனுஷி. அவர் வாயைத் திறந்தால் அட்டவணைதான் வரும். மூளை அழுகுவதிலும் ஒரு வரிசை இருக்கிறது என்பது அவருடைய கண்டுபிடிப்பு. முதலில் போவது சொந்தபந்தம். எழுந்த முப்பத்தாறு மணி நேரத்தில் பெற்ற பிள்ளையும் கட்டில் காலும் அதற்கு ஒன்றுதான். அடுத்துப் போவது வெட்கம். அதற்கும் அடுத்து, பக்கத்து வீட்டுக்காரரைப் பற்றிய அபிப்பிராயம். கடைசிவரை நிற்பது கருவி அறிவு மட்டும். காரணம், அது மண்டையில் இல்லை, மணிக்கட்டில் இருக்கிறது. ஸ்பூனைச் சரியாகப் பிடித்தால் ஐந்து மார்க். குழாயைத் திறந்தால் பதினைந்து. ஸ்க்ரூடிரைவரைத் திருகினால் முப்பது. அதே ஸ்க்ரூடிரைவரால் காது குடைந்தால் பத்து கூடுதல், கருவிக்குப் புதுப் பயன் கண்டதற்காக.

“என் மச்சான் உசுரோட இருந்தப்பவே பொண்டாட்டிய மறந்துட்டான், ஸ்க்ரூடிரைவர மறக்கல. அதுக்கு ஒரு ஆராய்ச்சியா?” என்றார் வாட்ச்மேன்.

ஐம்பதைத் தாண்டினால் பாஸ். பாஸானால் உலை. கருவி பிடிக்கத் தெரிந்தது ஒரு நாள் பட்டையை அறுக்கும், அறுத்தால் தெருவுக்கு வரும்; ஆகவே பாஸானதை மறுநாள் காலையே பின்கட்டில் எரித்துவிடுவார்கள். ஃபெயிலானது பத்திரமாக நிற்கும்.

முப்பத்தொன்றாம் நம்பர், ஸ்பானரின் மனைவி. காய்ச்சலில் மூன்றாம் நாள் போனவள், நான்காம் நாள் கட்டிலில் எழுந்து உட்கார்ந்தாள். வண்டிக்காரர்கள் வந்து கொண்டுபோனார்கள். அவளை எங்கே வைத்திருக்கிறார்கள் என்று தெரிந்ததும் ஸ்பானர் நேரே போய் வேலை கேட்டார். பழைய டூல் ரூம்காரர் என்றதும் கேள்வி கேட்காமல் எடுத்துக்கொண்டார்கள். உறவைப் பற்றி அவர் மூச்சு விடவில்லை.

அவர் வருவதற்கு முன்பு அங்கே ஒருத்தரும் பாஸானதில்லை. கருவியை இடுக்கியால் தூக்கி மேஜையில் போடுவார்கள். நடைப்பிணம் அதைப் பார்த்துக்கொண்டே நிற்கும். ஸ்பானருக்கு அது பொறுக்கவில்லை. பட்டை எட்டாத தூரத்தில் தரையில் போட்டிருந்த மஞ்சள் கோட்டுக்கு இந்தப் பக்கம் நின்று, பிடி அந்தப் பக்கம் இருக்கும்படி கையில் வைத்தார். விரல்கள் மடங்கிப் பிடித்துக்கொண்டன. டாக்டரம்மாவுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை, தன் அட்டவணை நிரூபணமாகிவிட்டது என்று. முதல் மாதத்திலேயே பதினொரு பேர் உலைக்குப் போனார்கள். தன்னுடைய மரியாதைதான் அவர்களை அனுப்பியது என்று ஸ்பானருக்கு உறைத்தபோது அவருக்கு இரண்டு நாள் சாப்பாடு இறங்கவில்லை.

மனைவி விஷயத்தில் அதனால் உஷாராக இருந்தார். அவள் வாழ்நாளில் தொடாத சாமானாகப் பார்த்துக் கொடுத்தார். ரம்பம், பைப் ரெஞ்ச், உளி. அவள் வாங்குவாள், கீழே போடுவாள். மூன்று மாதம் அவள் ஐந்து மார்க்கைத் தாண்டவில்லை. ஒவ்வொரு முறையும் ஃபெயில் என்று எழுதும்போது, பிள்ளை முதல் வகுப்பில் தேறின மாதிரி இவருக்கு மனசு குளிரும்.

அப்புறம் ஒரு செவ்வாய்க்கிழமை டாக்டரம்மா புது உத்தரவு போட்டார். “இனிமே அவங்கவங்க தொழில் சாமானே கொடுங்க, ஸ்பானர். முப்பத்தொண்ணு யாரு? தையல்காரி. நாளைக்குக் கத்தரிக்கோலும் துணியும் வைங்க.”

கத்தரி கையில் ஏறினால் அவள் பாஸாகிவிடுவாள். ஆனால் டாக்டரம்மாவின் கோப்பில் இல்லாத ஒரு விஷயம் அவருக்குத் தெரியும். அவள் இடக்கைக்காரி. சாதாரணக் கத்தரியை இடது கையில் பிடித்தால் துணி வெட்டுப்படாது, இரண்டு அலகுக்கும் நடுவே மடிந்து நசுங்கும். அவளுக்கென்றே அலகு மாற்றிச் செய்த கத்தரி ஒன்று வீட்டில் இருந்தது. யாராவது வீட்டைச் சோதித்து அதை எடுத்து வந்துவிடுவார்களோ என்ற பயத்தில், புதன்கிழமை காலை அதைத் தன் பேன்ட் பாக்கெட்டிலேயே போட்டுக்கொண்டு வந்தார். அதைவிடப் பத்திரமான இடம் அவருக்குத் தோன்றவில்லை.

காலை பதினொரு மணி. கூடத்தில் நல்ல வெளிச்சம். வாட்ச்மேன் இரும்புத் தடியோடு பக்கத்தில் நின்றார். ஸ்பானர் ஸ்டோரிலிருந்து எடுத்த சாதாரணக் கத்தரியை, வளையம் அவள் பக்கம் இருக்கும்படி வைத்தார். அவள் இடது கையில் வாங்கினாள். ஜாக்கெட்டுக்குச் சாக்பீஸ் கோடு போட்ட துணியில் ஓட்டினாள். துணி நசுங்கியது. இன்னொரு முறை ஓட்டினாள். மறுபடி நசுங்கியது.

“பூஜ்யம்தான் போல,” என்று டாக்டரம்மா பேனாவை எடுத்தார்.

அவள் நிறுத்தினாள். கத்தரியை மூடி, அலகைத் தன் கைக்குள் வைத்துக்கொண்டு, வளையத்தை ஸ்பானர் பக்கம் நீட்டினாள்.

அதற்கப்புறம் நடந்ததில் ஸ்பானரின் புத்திக்குப் பங்கில்லை. அவருடைய இடது கை சாதாரணக் கத்தரியை வாங்கியது. வலது கை பாக்கெட்டுக்குள் போய், அவளுடைய கத்தரியை எடுத்து, அவள் கையில் வைத்தது. வைத்த பிறகுதான் என்ன செய்தோம் என்று அவருக்குத் தெரிந்தது. தன் தலையில் தானே மண்ணை வாரிப் போட்டுக்கொண்டு நின்றார்.

கத்தரி கரகரவென்று ஓடியது. கோட்டை விட்டு நூலளவு பிசகாமல் நேராகப் போய், அக்குள் வளைவில் திரும்பி, முடிந்தது.

“நூறு,” என்றார் டாக்டரம்மா மெதுவாக. “இந்த நிலையத்துலயே முதல் நூறு. நாளைக்குக் காலையில உலைக்கு எழுதிடுங்க.”

“அம்மா, இது என் தப்பு. நான்தான் சாமானை மாத்தி…”

அவர் சொல்லி முடிக்கவில்லை. அவள் பட்டை இழுக்கும் தூரம்வரை முன்னால் வந்தாள். வெளுத்த கண்கள் அவர் கழுத்தில் நின்றன. கத்தரி திறந்தபடி மேலே எழுந்தது. இத்தனை நாள் காப்பாற்றிய மனுஷருக்கு அந்த நொடியில் நினைவுக்கு வந்தது அட்டவணைதான். முதலில் போவது சொந்தபந்தம். குளிர்ந்த இரும்பு காதுக்குக் கீழே பட்டது.

“அடிங்கண்ணே,” என்று கத்திவிட்டார்.

தடி இரண்டு முறை இறங்கியது. முப்பத்தொன்றாம் நம்பர் மேஜையில் சரிந்து, அங்கிருந்து தரைக்குப் போனாள். பிறகு அசையவில்லை.

கத்தரி அவர் காலடியில் கிடந்தது. ஸ்பானர் குனிந்து எடுத்தார். மூடிய அலகுகளுக்கு நடுவே இரண்டு அங்குல நீல நூல் ஒன்று தொங்கியது. அவர் சட்டையும் நீலம்தான். தினமும் வேலைக்குக் கிளம்பும்போது அவள் அவரை வாசலில் நிறுத்தி, காலரில் பிரிந்து தொங்குகிற நூலை வெட்டிவிட்டுத்தான் விடுவாள். இந்த நான்கு மாதமாக அதை யாரும் வெட்டவில்லை.

“ஒண்ணும் ஆகலையே உங்களுக்கு?” என்று டாக்டரம்மா பக்கத்தில் வந்தார். “கழுத்துக்கே வந்துடுச்சு. நான் சொன்னேன்ல, ஆளெல்லாம் தெரியாது அதுங்களுக்கு.”

ஸ்பானர் தரையில் உட்கார்ந்து, அவள் தலையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டார்.

“தெரிஞ்சிருக்கும்மா,” என்றார். “எனக்குத்தான் தெரியல.”