தோய்ச்சுப் போட்ட ரத்தச் சட்டை

சினிமாக்காரரின் உடுப்பைப் பார்க்கிறது, புதுத் துணியைப் பாழாக்கிச் சம்பளம் வாங்கிற வேலை. உங்களில் ஆராவது செய்திருந்தால் என்ரை நெஞ்சுப் பதற்றம் உடனே விளங்கும்.

முதல் நாள்

லண்டன் தோர்ண்டன் ஹீத்திலிருந்து ரெண்டு பஸ் மாறி ஸ்டூடியோவுக்குப் போனால், ரொமி என்ற பிலிப்பினோக்காரர் புத்தம் புதுச் சட்டையொன்றின் கொலரை கரட் துருவியால் உரோஞ்சிக்கொண்டிருக்கிறார். விலைத்துண்டுகூட இன்னும் தொங்குது. "ஏன் தம்பி இந்த அநியாயம்?" என்று கேட்டன். எங்களுக்குள் உடைஞ்ச இங்கிலீஷ்தான். என்னை 'அக்கா' எண்டு கூப்பிட மட்டும் பிறகு நான் பழக்கினது. மனுசன் தலை நிமிராமல் சொன்னார்: "இதைப் போடுறவன் கதையிலை மூண்டு வருசமாய் வேலையில்லாதவன். அவனுக்கு ஆர் புதுச்சட்டை குடுத்தது?"

கிடைச்ச வேஷம்

ரொமி மணிலாவில் சினிமா நடிகர். வில்லனின் அடியாளாய்த் துப்பாக்கி வெடிபட்டுச் செத்துச் செத்தே பேர் எடுத்தவர். லண்டனில் உடுப்பு வேலைதான் கிடைச்சது. ஒருநாள் சின்ன வேஷக்காரர் ஒருவர் வரவில்லை. டைரக்டர் ரொமியைக் கடைக்காரனாய் நிற்கவைச்சார். வெடிபட்டு விழவேணும். பாதி எடுத்தாச்சு, மிச்சம் நாளைக்கு. ரத்தச் சாயம் பூசின சட்டையைக் கழட்டித் தரும்போது ரொமி சொன்னார்: "அப்பா இப்ப நடிகரில்லை எண்டு மகள் சொல்லித் திரியிறாள், அக்கா. இந்த முகம் ஒருக்கால் திரையிலை வரட்டும்."

நான் செய்த வேலை

ரத்தம் பட்ட துணியை எங்கட ஊர் ஆட்கள் அடுத்த நாளைக்குக் கிடக்க விடமாட்டினம். சாய ரத்தம் என்று தெரியும். என்ரை கை கேட்டால்தானே. ஊறப்போட்டு, தோய்ச்சு, அயனும் பண்ணிவிட்டன்.

காலமை சட்டை வெள்ளையாய்த் தொங்குது. முதல் பாதியில் ரத்தம், மற்றப் பாதியில் இல்லையென்றால் ரொமியின் காட்சியையே வெட்டி எறிவினம். எங்கள் உடுப்புப் பகுதித் தலைவி, வெள்ளைக்காரப் பெண், நேற்றெடுத்த படத்தைப் போனில் நீட்டினாள். ரொமி அதைப் பார்க்கவேயில்லை. சட்டையைப் போட்டு, சாயத்தைத் தொட்டுத் தன் நெஞ்சில் தானே பூசினார். போன் படத்தோடை ஒத்துப்பார்த்தால் ஒரு சொட்டும் மாறவில்லை. ரொமி சொன்னார்: "நாப்பது தரம் செத்தனான், மேடம். எந்தப் பக்கம் ஒழுகும் எண்டு தெரியும்."

திரையில்

படம் வந்ததும் ரெண்டு பேரும் போனோம். வெடி கேட்டுது. ரொமி விழுந்தார். கழுத்துக்குக் கீழேதான் காட்டினார்கள். திரை முழுக்கச் சட்டை, முகம் இல்லவேயில்லை. எனக்கு அவர் பக்கம் திரும்ப ஏலாமல் போச்சு. அவர்தான் கேட்டார்: "மகளுக்கு என்ன சொல்ல, அக்கா? சட்டை நல்லாய் நடிச்சிருக்கு எண்டோ?"

இந்தத் தொழிலில் நாங்கள் கறையைக் காப்பாற்றினால் போதும், ஆளை வெட்டுறதுக்கு வேறை ஆட்கள் இருக்கினம்.