பன்னிரண்டு மணிக்கு வந்தவள்

என் எழுத்து கோணலாக இருக்கும், பிழையும் இருக்கும். தோட்டப் பள்ளிக்கூடத்தில் ஐந்தாம் வகுப்போடு நின்றவன் நான். தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டிக் காய்த்துப்போன விரலுக்குள் பேனா அடங்குவதில்லை. வாசிக்கிறவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போன என் மனைவி நான்கு வருடம் கழித்துத் திரும்பி வந்தாள். அந்த நாளைப் பற்றித்தான் எழுதுகிறேன். அங்கிருந்து போன் எடுக்கும்போது அடிக்கடி ஒன்று சொல்வாள்.

"இங்க எல்லாரும் சாப்பிட்டு முடிச்சு நான் உக்காரயில எல்லாம் ஆறிப்போயிருதுங்க. வந்த அன்னைக்கு, கல்லுல இருந்து எடுத்த சூட்டோட ஒரு ரொட்டி தாங்க. அது போதும்."

அதைக் கேட்டபோதுதான் எனக்கு உறைத்தது. எங்கள் லயத்துக் காம்பிராவில், இந்த வரிசை வீட்டு ஒற்றை அறையில், இருந்த காலத்திலும் அவள் கடைசியாகத்தான் சாப்பிட்டாள். கோதுமை மா ரொட்டி ஆறினால் தோல் மாதிரி ஆகிவிடும். அதைத்தான் இத்தனை வருடம் மென்றிருக்கிறாள். அவள் வாசலில் கால் வைக்கும்போது ரொட்டி கல்லில் இருக்க வேண்டும் என்று முடிவு செய்தேன்.

அவளுடைய தம்பி வேன் எடுத்துக்கொண்டு ஏர்போட்டுக்குப் போயிருந்தான். காலை ஒன்பது மணிக்கு அவிசாவளையில் இருந்து பேசினான். "மச்சான், டீ குடிச்சிட்டோம். கெளம்புறோம்." அதற்குப் பிறகு மலைக்குள் சிக்னல் சரியாக இருக்காது. இருந்தாலும் எங்கே வருகிறீர்கள் என்று திரும்பத் திரும்பக் கேட்க எனக்குக் கூச்சம். அவள் முன்னால் என்னைக் கிண்டல் செய்வான். அதனால் கணக்குப் போட்டேன்.

அவிசாவளையிலிருந்து கித்துல்கல வரை ரோடு பெரும்பாலும் சமம். அங்கிருந்து ஹட்டன் தாண்டி டிக்கோயாவில் எங்கள் தோட்டம் வரை ஏற்றம். இரண்டும் ஏறக்குறைய ஒரே தூரம். ஏற்றத்தில் வேன் பாதி வேகத்தில் வரும். வேகம் பாதியானால் நேரம் இரட்டிப்பு. கீழே ஒரு மணித்தியாலம், மேலே இரண்டு, மொத்தம் மூன்று. பன்னிரண்டு மணிக்கு வந்துவிடுவாள். அடுப்புச் சாம்பலில் குச்சியால் எழுதிப் பார்த்தேன்.

பக்கத்துக் காம்பிராப் பெண் எட்டிப் பார்த்தாள். "என்னண்ணே, ரொட்டி சுடக்கூட பரீட்ச எழுதுறீங்களா? வர்றது பொண்டாட்டியா, மந்திரியா?"

மாவைப் பிசைந்து உருட்டி வைத்துவிட்டு அடுப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்தேன். கண்ணை மூடினால் வேன் தெரிந்தது. கித்துல்கல ஆறு கூடவே வந்து, பிறகு கீழே இறங்கிப் போனது. கினிகத்தேனையில் குளிர் ஏறியது. அவள் கண்ணாடியைத் திறந்து கையை வெளியே நீட்டினாள். கதவு வழியாக என் காம்பிராவுக்குள் வந்த பனிமூட்டம் அவள் கையைத் தொட்டுவிட்டு வந்தது போலவே இருந்தது.

பன்னிரண்டு மணிக்கு ரொட்டி கல்லில் உப்பியது. வாசலில் யாரும் இல்லை. அது ஆறியது. கொஞ்ச நேரம் கழித்து இன்னொன்று போட்டேன். அதுவும் ஆறியது. இப்படியே உருண்டைகள் தீர்ந்து ஒன்றுதான் மிஞ்சியது. அதைப் போடப் பயமாக இருந்தது.

பின்னேரம் நாலு மணிக்கு மேல்தான் வேனின் ஹோன் சத்தம் கேட்டது. முதலில் தம்பிதான் இறங்கினான்.

"மச்சான், ஒங்க பொண்டாட்டிய நான் ஏத்திக்கிட்டு வரல. தேர் ஊர்வலமா கூட்டிக்கிட்டு வந்திருக்கேன்!"

நான்கு வருடம் சமதரையில் இருந்தவளுக்கு எங்கள் ரோட்டின் வளைவுகள் மறந்துபோயிருந்தன. கினிகத்தேனைக்குப் பிறகு ஒவ்வொரு வளைவிலும் வாந்தி. கடைசியில் இறங்கி நடக்கத் தொடங்கிவிட்டாளாம். பனிமூட்டத்துக்குள் அவள் முன்னால் நடக்க, லைட்டைப் போட்டுக்கொண்டு வேன் பின்னால் ஊர்ந்திருக்கிறது. வேனின் வேகத்தைத்தான் நான் கணக்கில் எடுத்தேன். அவள் வயிற்றை எடுக்கவில்லை.

உள்ளே வந்தவள் கல்லைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.

"இப்ப வேணாங்க. வயித்தப் பெரட்டுது." பாயில் சாய்ந்ததும் தூங்கிவிட்டாள்.

கடைசி உருண்டையை ஈரத்துணியால் மூடினேன். அடுப்பை அணைய விடாமல் அவள் மூச்சைக் கேட்டுக்கொண்டிருந்தேன். இந்தத் தடவை எந்தக் கணக்கும் போடவில்லை.

விளக்குப் போடும் நேரத்தில் கண் விழித்தாள். "ரொட்டி இருக்கா?"

தட்டி, கல்லில் போட்டு, புரட்டி, நேராக அவள் கையிலேயே கொடுத்தேன். சூடு தாங்காமல் இந்தக் கைக்கும் அந்தக் கைக்கும் மாற்றினாள். ஊதினாள். நான் மத்தியானத்து ரொட்டியைத் தேத்தண்ணியில் நனைத்துத் தின்றேன்.

"அது யாருக்குச் சுட்டது?"

"என் கணக்குல பன்னெண்டு மணிக்கு வந்தவளுக்கு."

கொஞ்சம் யோசித்தாள். பிறகு சிரித்தாள். "அவ போயிட்டாளா?"

"போயிட்டா. ஒண்ணும் திங்கல."

"நல்லதாப் போச்சு," என்றாள். சூடு ஆறுவதற்குள் முழு ரொட்டியையும் தின்று முடித்தாள்.

2024 ஒக்டோபர் 20, ஞாயிற்றுக்கிழமை.