விசிலுக்குப் பிறகு உதைப்பவன்

பானுமதியின் இடது மணிக்கட்டை உடைத்தது அவள் கணவன்தான். காலையில் காப்பிக் கோப்பையை நீட்டினாள். அவன் கோப்பையை விட்டுவிட்டுக் கையைப் பிடித்தான். பிடித்துத் திருகினான். அமீரகத்தில், ராஸ் அல் கைமாவில் நர்ஸாகவே வயதாகிப்போனவள் என்பதால், சத்தம் கேட்டதுமே எந்த எலும்பு என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. கொட்டிய காப்பியைக் காலால் துணியை நகர்த்தித் துடைத்துவிட்டு, டாக்ஸி பிடித்து, தான் வேலை பார்க்கும் ஆஸ்பத்திரிக்கே போய் மாவுக்கட்டு போட்டுக்கொண்டாள்.

அவனுக்கு வைத்தியம் பார்க்கும் நரம்பு டாக்டர் ஷியாமளா விஷயம் கேள்விப்பட்டு இறங்கி வந்தார்.

"பானு, உனக்கு நான் பாடம் எடுக்க வேண்டியதில்ல. இன்னொரு தடவை அவர் யார் மேல கை வெச்சாலும் துபாய் வார்டுக்கு எழுதிடுவேன்."

"அந்த இன்னொரு தடவை வராது டாக்டர்."

"எப்படிச் சொல்ற?"

"வீட்டுல வெச்சு நான் பாத்துக்கறேன். அவ்வளவுதான்."

துபாய் வார்டு என்பது மனநோயாளிகளை வைத்து வெளியே பூட்டுப் போட்ட வார்டு. அதைப்போல ஒன்றில் பானுமதி இளம்வயதில் வேலை பார்த்திருக்கிறாள். நடந்து உள்ளே வந்த ஆண்கள் கட்டிலோடு சேர்த்துக் கட்டப்பட்டு, மாத்திரையில் மயங்கி, முதுகு புண்ணாகிக் கிடந்ததைப் பார்த்திருக்கிறாள். அவர்களைக் கட்டியவர்களில் அவளும் ஒருத்தி. தன் புருஷனை அங்கே அனுப்புவதில்லை என்பதில் அவள் உறுதியாக இருந்தாள்.

அவள் கணவன் பெயர் ஆர்பாத். ஹங்கேரிக்காரன். கால்பந்தில் தடுப்பாட்டக்காரன். நம் ஊர் மைதானங்களில் ஸ்டாப்பர் என்பார்களே, அந்த இடம். கோலுக்கு முன்னால் நின்று, வருகிற ஆளை விழத்தட்டுவதே தொழில்.

ஹங்கேரியின் வடக்கே ஒரு நிலக்கரி ஊரில் பிறந்தான். சுரங்கத்திலிருந்து வரும் அப்பன் பெல்ட்டைக் கழற்றாமல் ஒரு நாளும் சாப்பாட்டுக்கு உட்கார்ந்ததில்லை. அடி வாங்கிப் பழகிய பையனை உள்ளூர்ப் பயிற்சியாளருக்குப் பிடித்துப் போயிற்று. மற்றப் பையன்கள் வேகமாக வரும் பந்துக்குத் தலையைக் குனிவார்கள். இவன் நெற்றியைக் கொடுப்பான். ஈரத்தில் ஊறிக் கல்லாகக் கனக்கும் தோல் பந்து. காலையில் பயிற்சி முழுக்க அதைத் தலையால் முட்டிவிட்டு மதியம் வாந்தி எடுப்பான். வாந்தி எடுக்கிற பையன் நன்றாக உழைக்கிறான் என்று அங்கே அர்த்தம்.

முதல் பிரிவு கிளப்பில் சேர்ந்தபோது மூக்கு இரண்டு முறை உடைந்து, ஒரு பக்கமாகச் சாய்ந்திருந்தது. அவன் பந்தைப் பார்ப்பதில்லை. எதிரணியில் ஒரே ஒரு ஆளைக் காட்டிவிட்டால் போதும், அந்த ஆளின் இடுப்பை மட்டும் பார்த்துக்கொண்டு ஆட்டம் முடியும்வரை தோளோடு தோள் ஒட்டிக்கொண்டே திரிவான். கணுக்காலை மிதிப்பான். விலாவில் முழங்கையை இறக்குவான். பல் விழுந்த முன்கள வீரன் ஒருவன் ரத்தத்தை அவன் முகத்திலேயே துப்பினான். ஆர்பாத் துடைக்காமல் மிச்ச ஆட்டத்தை ஆடினான்.

அவனுக்கென்று தனியாக ஒரு வித்தை இருந்தது. ரெஃப்ரி விசில் ஊதியதும் எல்லா ஆட்டக்காரர்களும் உடம்பைத் தளர்த்திவிடுவார்கள். ரெஃப்ரியும் ஃபவுல் நடந்த இடத்தைக் காட்டத் திரும்புவார். அந்த ஒரு மூச்சு நேரத்தில்தான் ஆர்பாத் உதைப்பான். இறுகியிருக்கும் கால் தாங்கும், தளர்ந்த கால் உடையும் என்பது அவன் கணக்கு. அப்படி, ஓரத்தில் ஓடி ஆடும் ஒரு இளம் விங்கரின் முழங்கால் எலும்பை இரண்டாக்கினான். அந்தப் பையன் அதற்குப் பிறகு ஆடவே இல்லை. கல்யாணமான புதிதில் பானுமதியிடம் இதைச் சொல்லும்போது அவன் பெருமைப்படவும் இல்லை, வருந்தவும் இல்லை. கொத்தனார் சுவர் கட்டுவதைச் சொல்வதுபோலச் சொன்னான்.

வயது முப்பதைத் தொட்டதும் அவனை ஐரோப்பாவில் எவரும் கேட்கவில்லை. ராஸ் அல் கைமாவின் இரண்டாம் பிரிவு கிளப் ஒன்று கூப்பிட்டது. அங்கே ஒரு ஆட்டத்தில் எதிராளியின் தலையும் இவன் தலையும் மோதி, இவன் புருவம் பிளந்தது. மைதானத்தில் ஆம்புலன்ஸ் டூட்டியில் இருந்தவள் பானுமதி. சிவகங்கை மாவட்டத்திலிருந்து வந்து கொஞ்ச காலம்தான் ஆகியிருந்தது. இவன் மரத்துப்போகிற ஊசிகூட வேண்டாம், தைத்து அனுப்பு, ஆட வேண்டும் என்று டாக்டரிடம் கத்தினான். டாக்டர் ஊசியோடு பின்வாங்கினார். பானுமதி ஆர்பாத்தின் மார்பில் கையை வைத்து ஒரு தள்ளுத் தள்ளி, "உக்காரு! சும்மா இரு!" என்றாள். உட்கார்ந்துவிட்டான். அவன் கற்றுக்கொண்ட முதல் தமிழ் அதுதான்.

கல்யாணம் செய்துகொண்டபோது ஊரில் சண்டை, அழுகை எல்லாம் இருந்தது. பிறகு அடங்கியது. பானுமதியின் தம்பி வைரவன் கல்குவாரி வேலைக்கு இங்கேயே வந்து சேர்ந்ததும், மாப்பிள்ளையின் பெயர் வாயில் நுழையாமல் 'ஆறுமுகம் மச்சான்' ஆக்கிவிட்டான். ஆர்பாத் ஆட்டத்தை விட்ட பிறகு கிளப் பையன்களுக்குப் பயிற்சி கொடுத்தான். ஒரு நாள் பயிற்சியில் ஒரு பையனின் கழுத்தைப் பிடித்துக் கம்பத்தில் மோதினான். ஏன் என்று கேட்டதற்கு அவனுக்கே தெரியவில்லை. அதோடு வேலை போயிற்று. மூளை சுருங்குகிறது, தலையில் வாங்கிய அடிகள் காரணமாக இருக்கலாம் என்றார் ஷியாமளா. அதிலிருந்து அவன் பானுமதியின் விசாவில், பானுமதியின் கையால் சாப்பிட்டுக்கொண்டு, வீட்டிலேயே இருக்கிறான். அவள் டூட்டிக்குப் போகிற நேரம் பக்கத்து வீட்டு மலையாளி ஆண் நர்ஸ் வந்து இருப்பார்.

மாவுக்கட்டுப் போட்ட பிறகு பானுமதி வீட்டை மாற்றி அமைத்தாள். கண்ணாடி, கத்தி, கனமான சாமான் எல்லாவற்றையும் பூட்டினாள். அவன் எதிரே ஓடக்கூடாது, சட்டென்று திரும்பக்கூடாது, அவன் தோளோடு வந்து ஒட்டினால் நகராமல் நிற்க வேண்டும் என்று வீட்டுக்கு வருகிறவர்களிடம் சொல்லிவைத்தாள். சொன்னபடி நடந்தால் அவன் அமைதியாகவே இருந்தான். ஒட்டி நிற்பான், மூச்சு விடுவான், சலித்துப்போய் நாற்காலிக்குத் திரும்புவான். அதிகச் சேதாரம் இல்லாமல் நாட்கள் போனதில் அவளுக்கு நம்பிக்கை வந்தது.

வெள்ளிக்கிழமைகளில் வைரவன் வருவான். மச்சானைக் குளிப்பாட்ட, கட்டில் விரிப்பு மாற்ற ஒரு ஆண் வேண்டியிருந்தது. இப்போது பானுமதிக்கு ஒரு கைதான் என்பதால், அந்த வெள்ளிக்கிழமை அவன் துணைக்கு சாதிக் பாட்ஷாவையும் கூட்டி வந்தான். சாதிக் இளையான்குடிக்காரன், சிமெண்ட் ஃபாக்டரியில் வேலை. தொழிலாளர் கேம்ப் அணியில் சென்டர் ஃபார்வர்டு. அன்று மதியம் கேம்ப் மைதானத்தில் ஆட்டம். முட்டி போனதால் ஆட முடியாத வைரவன்தான் ரெஃப்ரி. ஆட்டம் முடிந்து இருவரும் அப்படியே நேராக வந்துவிட்டார்கள். வைரவன் கழுத்தில் விசில். சாதிக்கின் அக்குளில் பந்து. முதுகில் பெரிதாக, கோலடிப்பவனுக்குரிய ஒன்பதாம் எண் போட்ட சிவப்பு ஜெர்சி.

பானுமதி அடுக்களையில் இருந்தாள். குரல்தான் கேட்டது.

"சலாம் மச்சான்! நான் ரெண்டு கோல் அடிச்சேன், வைரவன் ஒண்ண ஆஃப்சைடுன்னுட்டான். சொந்தக்காரன்னுகூடப் பாக்கல."

"நீ எனக்கு எப்படா சொந்தம்? வாயில நுரை தள்ள ஓடிட்டு ஆஃப்சைடுல போயி நிக்கிற. செருப்பக் கழட்டுடா மொதல்ல."

சாதிக் வாசலில் குனிந்து ஷூவைக் கழற்றினான். முதுகிலிருந்த ஒன்பதாம் எண் ஆர்பாத்தின் நாற்காலிப் பக்கம் திரும்பியது. ஆர்பாத் எழுந்தான். பக்கவாட்டில் இரண்டு எட்டு வைத்து, நிமிர்ந்த சாதிக்கின் தோளோடு தன் தோளை ஒட்டினான்.

"அடேய், மச்சான் என்னைய மார்க் பண்றாருடா!" சாதிக்குக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. புதிதாக வந்தவனிடம் அந்த வீட்டு விதிகளை யாரும் சொல்லியிருக்கவில்லை. நிஜமான கிளப்பில் ஆடியவர் தன்னை மதித்துத் தோள் கொடுக்கிறார் என்று நினைத்துக்கொண்டான். "வாங்க மச்சான், பாப்போம்." பந்தைக் காலடியில் போட்டு, இடப்பக்கம் போவதுபோல் காட்டி வலப்பக்கம் திரும்பினான்.

"ஆடாத சாதிக்!" என்று பானுமதி கத்தியபடி வந்தாள். அதற்குள் ஆர்பாத்தின் உள்ளங்கால் சாதிக்கின் முழங்காலுக்குக் கீழே இறங்கிவிட்டது. காய்ந்த மட்டை முறிகிற மாதிரி ஒரு சத்தம். சாதிக் விழுந்தான். ஆர்பாத் அவன் மார்பில் முழங்காலை ஊன்றி, ஒரு கையால் தொண்டையைப் பிடித்து இறுக்கினான்.

அப்போதுதான் வைரவன் அந்தத் தப்பைச் செய்தான். மச்சான் ஆட்டக்காரர், விசில் கேட்டால் நிற்பார் என்று நினைத்து, கழுத்திலிருந்த விசிலை வாயில் வைத்து முழு மூச்சோடு ஊதினான்.

"ஊதாத!" என்றாள் பானுமதி. ஊதி முடித்திருந்தான்.

ஆர்பாத் தொண்டையை விட்டான். எழுந்தான். நிம்மதியில் உடம்பு தளர்ந்து கிடந்த சாதிக்கின் அதே காலை, கணுக்காலுக்கு மேலே, குதிகாலால் மிதித்தான். மறுபடியும் மிதித்தான். சாதிக் போட்ட சத்தம் மனிதச் சத்தமாக இல்லை. பிடிக்கப்போன வைரவனின் வாயில் முழங்கை இறங்கி, முன்பல் ஒன்று தரையில் உருண்டது. ஆர்பாத் திரும்பவும் மண்டியிட்டுத் தொண்டையைப் பிடித்தான்.

பானுமதி கட்டில் விரிப்பை உருவிக்கொண்டு பின்பக்கமாக வந்து, அதை அவன் தலையில் போட்டு, முனைகளை நல்ல கையில் சுருட்டி, தன் முழு பாரத்தோடும் பின்னால் சாய்ந்தாள். இருவரும் மல்லாந்து விழுந்தார்கள். அவன் பின்னந்தலை அவள் உதட்டைக் கிழித்தது. விடவில்லை. கால்களை அவன் இடுப்பில் கோர்த்து இறுக்கினாள். கண் இருட்டியதும் அவன் திமிறுவது குறைந்தது. விரிப்புக்குள்ளிருந்து இங்கிலீஷில் கேட்டான்.

"என்ன கார்டு? மஞ்சளா, சிவப்பா?"

வாயிலிருந்த ரத்தத்தைத் துப்பிவிட்டு, "சிவப்பு," என்றாள்.

அவன் தலையாட்டினான். அவள் பிடியை விட்டதும் எழுந்து, மைதானத்தை விட்டு அனுப்பப்பட்டவனாக, யாரையும் பார்க்காமல் சட்டையைக் கழற்றிக்கொண்டே குளியலறைக்கு நடந்தான். உள்ளே ஷவர் திறக்கும் சத்தம் கேட்டது. அவள் வெளியே தாழ்ப்பாளைப் போட்டுவிட்டு, சாதிக்கின் காலுக்கு இரண்டு பக்கமும் அட்டையை வைத்துக் கட்டினாள். எலும்பு தோலைத் துளைத்து வெளியே தெரிந்தது. பக்கத்து வீட்டு நர்ஸைக் காவலுக்கு நிறுத்திவிட்டு ஆம்புலன்ஸில் ஏறினாள்.

அவசரப் பிரிவில் திரைக்குப் பின்னால் மூவரும் இருந்தார்கள். காயத்தைப் பார்த்ததும் ஆஸ்பத்திரியில் போலீஸுக்குச் சொல்லிவிட்டார்கள். காக்கி போட்ட இளம் அரபுக்காரர் ஒருவர் வெளியே தாளோடு நின்றார்.

வாயில் பஞ்சை அடக்கிக்கொண்டு வைரவன் குசுகுசுத்தான். "அக்கா, ஏணின்னு சொல்லிரலாம். ஏசி தண்ணி பைப்பப் பாக்க ஏறினான், வழுக்கிருச்சு. நானும் கூட விழுந்தேன். கலாஸ், முடிஞ்சது."

சாதிக் தலையை அசைத்தான். குரல் உடைந்து, காற்றாக வந்தது. "நான் சொல்றேன் அக்கா. அவரப் பூட்டி வெப்பாங்கன்னு வைரவன் சொன்னான். பாவம். பெரிய பிளேயரு. அவருகிட்ட அடி வாங்கினேன்னு கேம்ப்புல சொன்னா எவனும் நம்பமாட்டான்."

"உன் கழுத்துல அஞ்சு விரலும் பதிஞ்சு கெடக்கு. ஏணிக்கு ஏதுடா விரலு?"

"துண்ட சுத்திக்கிடலாம்," என்றான் வைரவன். "டாக்டரும் காலத்தான பாக்குறாரு? கழுத்த யாரு பாக்கப் போறா?"

அது உண்மைதான். எலும்பு வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் ஆளின் கழுத்தை யாரும் பார்த்திருக்கவில்லை.  வைரவன் தன் தோளில் கிடந்த துண்டை எடுத்துச் சாதிக்கின் கழுத்தைச் சுற்றினான். பானுமதி தடுக்கவில்லை. ஒரு பொய். யாருக்கும் நஷ்டம் இல்லை. நாளைக்குப் பூட்டை மாற்றலாம், இன்னொரு ஆண் நர்ஸைப் போடலாம், இனி ஜெர்சி போட்டுக்கொண்டு எவனும் வாசலை மிதிக்கக்கூடாது என்று சொல்லலாம். அவள் மனசு அதற்குள் வேலைகளைப் பிரிக்கத் தொடங்கிவிட்டது.

"தண்ணி," என்றான் சாதிக்.

ஈரப் பஞ்சை உதட்டில் வைத்தாள். ஒரு சொட்டை விழுங்கப் பார்த்தான். விழுங்க முடியவில்லை. வாயோரமாக வழிந்தது, அதில் நூல்போல ரத்தம். மூச்சு இழுக்கும்போது தொண்டையில் மெல்லிய சீழ்க்கை கேட்டது. ஆம்புலன்ஸில் அந்தச் சத்தம் இல்லை.

உள்ளே வீங்கிக்கொண்டிருக்கிறது. இப்போது காலுக்கு மயக்க மருந்து கொடுத்து ஆபரேஷனுக்கு எடுப்பார்கள். தொண்டையைப் பற்றித் தெரியாமல் எடுத்தால் மூச்சுக்கு வைக்கும் குழாய் உள்ளே போகாது. வார்டில் போட்டாலும் மூச்சுக்குழாய் அடைத்துப் பையன் செத்துப்போவான்.

துண்டை உருவினாள்.

"அக்கா!" என்றான் வைரவன். "மச்சான கூட்டிட்டுப் போயிருவாங்க."

"தெரியும். தள்ளு."

திரையை விலக்கி டூட்டி டாக்டரைக் கூப்பிட்டாள். கழுத்து நெரிபட்டிருக்கிறது, மூச்சில் சத்தம் வருகிறது, தொண்டை டாக்டரை வரச் சொல்லுங்கள் என்றாள். யார் நெரித்தது என்று டாக்டர் கேட்டார். போலீஸ்காரரும் தாளிலிருந்து தலையைத் தூக்கினார். அவளுக்குத் தெரிந்த அரபியில், இருவருக்கும் கேட்கும்படி, "என் கணவன். காலை உடைத்ததும் அவன்தான்," என்றாள். பெயரை எழுத்துக் கூட்டிச் சொன்னாள்.

இருட்டுவதற்கு முன்பே சாதிக்கின் தொண்டை அடைத்துக்கொண்டது. தயாராக நின்றிருந்ததால் குழாய் போட முடிந்தது. காலில் கம்பி வைத்தார்கள். நடப்பான், இனி ஆட மாட்டான்.

ஆர்பாத்தை அழைத்துப்போக நான்கு பேர் வந்தார்கள். டாக்டர் ஷியாமளா எழுதிய தாளில் கையெழுத்துப் போட்டது பானுமதிதான். அவன் ஒருவனைத் தலையால் முட்டி மூக்கை உடைத்தான். தொடையில் ஊசி ஏறியது. ஸ்ட்ரெச்சரில் போகும்போது சுற்றி நின்றவர்களையெல்லாம் ஹங்கேரிய மொழியில் திட்டினான்.

அவளுக்கு லீவு கிடைத்ததும் துபாய்க்குப் பஸ் ஏறினாள். வார்டில் அவன் மணிக்கட்டுகள் இரண்டும் கட்டில் கம்பியோடு தோல் பட்டையால் கட்டப்பட்டிருந்தன. காலையில் உதவியாளரின் விரலைக் கடித்துவிட்டான் என்று அங்கிருந்த பிலிப்பைன்ஸ் நர்ஸ் சொன்னாள். மன்னிப்புக் கேட்கிற குரல். 

பானுமதி பட்டைக்கும் மணிக்கட்டுக்கும் நடுவில் இரண்டு விரலை விட்டுப் பார்த்தாள். நுழையவில்லை. விரல் நுனிகள் நீலம் பாரித்திருந்தன. பட்டையின் பக்கிளைக் கழற்றினாள். விடுபட்ட கை உடனே அவள் மாவுக்கட்டைப் பிடித்து முறுக்கியது. நர்ஸ் ஓடிவந்தாள். பானுமதி அவளை நிற்கச் சொல்லிவிட்டு, பல்லைக் கடித்துக்கொண்டு, ஆர்பாத்தின் கை சலித்து விடும்வரை அசையாமல் இருந்தாள்.

பிறகு அந்தக் கையைத் திரும்பக் கம்பியோடு சேர்த்து, ஒரு ஓட்டை தளர்த்தி, தன் கையாலேயே பட்டையை மாட்டினாள். இப்போது நடுவில் இரண்டு விரல் நுழைந்தது. கட்டிலைச் சுற்றிப் போய் அடுத்த கையைப் பார்த்தாள்.